கறுப்புப் பூச்சு

சென்னை
9 ஜூன் 2025

அன்புள்ள பெரியம்மாவுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். நானும் அம்மாவும் நலம். அம்மாவின் முட்டிவலி இந்த வெயிலில் கொஞ்சம் அடங்கியிருக்கிறது. உங்கள் காது எப்படி இருக்கிறது என்று கேட்கமாட்டேன்; கேட்டால் "போன்தான் கோளாறு" என்பீர்கள். போனை ஸ்பீக்கரில் போட்டுப் பேசினால் வீடு முழுக்கக் கேட்கிறது, எதுவானாலும் கடிதமாக எழுது என்று ரமலானில் உத்தரவு போட்டீர்கள். எழுதிவிட்டேன்.

எங்கள் 'வாங்குவோர் துணை' மாத இதழில் எனக்கு ஒரு தொடர் கொடுத்திருக்கிறார்கள். கார் வாங்க என்ன விலை என்று எல்லோரும் எழுதுகிறார்கள். வாங்கியபின் அதை வைத்துக்கொள்ள என்ன ஆகிறது, கொடுக்கிற காசுக்கு சர்வீஸ் கடையில் உண்மையில் என்ன செய்கிறார்கள் என்று யாரும் எழுதுவதில்லை. கடலோரக் கார்களைப் பற்றித் தனியாக ஒரு மாதம் எழுதப் போகிறேன். உப்பளக் காற்றில் கார் வைத்திருப்பவர்களில் எனக்குத் தெரிந்து உங்களைவிடக் கறாரானவர் இல்லை. போதாததற்கு சர்வீஸ் கடை வைத்திருக்கும் ஃபாரிஸ் மச்சான் உங்கள் வீட்டு மாப்பிள்ளை. உங்கள் காருக்கு என்னென்ன செய்கிறீர்கள் என்று எழுதுவீர்களா?

ஹசீனா அக்காவுக்கு என் சலாம்.

துஆ செய்யுங்கள்.
ஆஸிஃபா


மரக்காணம்
17 ஜூன் 2025

அன்பு மகள் ஆஸிஃபாவுக்கு,

வ அலைக்கும் ஸலாம். அல்லாஹ்வின் கிருபையால் சுகம். உன் எழுத்து முன்பைவிடச் சாய்ந்திருக்கிறது. கான்வென்டில் எங்கள் சிஸ்டர் இப்படி எழுதுகிறவளை வெயிலில் நிற்க வைப்பார். எழுதி வயிற்றைக் கழுவுகிறவள் நேராக எழுது.

என் காரை வாங்கியவர் உன் பெரியப்பா. அவர் மறைந்தபின் ஒரு நாளும் அதைக் கவனிக்காமல் விட்டதில்லை. ஆரோக்கியராஜ்தான் ஓட்டுகிறான். முப்பதுக்கு மேல் போனால் நான் பின்னாலிருந்து தோளைத் தட்டுவேன்.

இந்த ஊரில் மழைக்கு முன் கூரையைச் சரிபார்ப்பது போல, காருக்கு அடியில் கறுப்புப் பூச்சு பூசுவது இப்போது வழக்கம். உப்புக் காற்று இரும்பைத் தின்றுவிடும் அல்லவா? அண்டர்பாடி கோட்டிங் என்பார்கள். பிள்ளைகளுக்குத் தடுப்பூசி போடத் தவறினாலும் இதற்குத் தவறமாட்டார்கள். பெரும்பாலும் நம் ஃபாரிஸ் கடையில்தான். கடை இருக்கும் மனை என் பெயரில் உள்ளது என்பதற்காகச் சொல்லவில்லை. அவன் பூசிய வண்டி கண்ணாடி போல் பளபளக்கும். என் கார் ஒரு வருடமும் தவறியதில்லை.

இன்னொரு செய்தி, உன் அம்மாவிடம் மட்டும் சொல். எட்டு வருடத்துக்குப் பின் ஹசீனா உண்டாகியிருக்கிறாள். மூன்றாம் மாதம். ஃபாரிஸ் அவளைத் தரையில் விடுவதில்லை. "உங்க வண்டில குலுக்கல் ஜாஸ்தி மாமி, அவள அதுல ஏத்தாதீங்க" என்று சொல்லிவிட்டான். பாண்டிச்சேரி டாக்டரிடம் தன் புதுக் காரில் அவனே கூட்டிப்போகிறான். இப்படி ஒரு மாப்பிள்ளை யாருக்கு வாய்க்கும்?

நேரத்துக்குச் சாப்பிடு.
பெரியம்மா


சென்னை
11 ஜூலை 2025

அன்புள்ள பெரியம்மாவுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். பதில் தாமதமாகிவிட்டது, வெளியூர் வேலை. ஹசீனா அக்கா செய்தி கேட்டு அம்மா அழுதேவிட்டார்.

இரண்டே கேள்விகள். மச்சான் கடையில் பூச்சுக்கு முன் காரின் அடியை எந்தத் தண்ணீரில் கழுவுகிறார்கள்? எவ்வளவு நேரம் காயவிடுகிறார்கள்? நான் கேட்டதாக யாரிடமும் சொல்ல வேண்டாம்.

முடிந்தவரை காரில் வெளியே போகாதீர்கள், பெரியம்மா. வெயில் கடுமையாக இருக்கிறது.

உங்கள் நலம் நாடும்
ஆஸிஃபா


மரக்காணம்
19 ஜூலை 2025

ஆஸிஃபாவுக்கு,

வ அலைக்கும் ஸலாம். உடம்புக்கு ஒன்றுமில்லை.

ஏ.சி. காரில் போகிறவளை வெயில் என்ன செய்யும்? நீ எதையோ எழுதாமல் விட்டிருக்கிறாய். எனக்கு ஒளித்துக் கேட்டுப் பழக்கமில்லை. சாப்பிடும்போது நேராகக் கேட்டேன்.

"பூசறதுக்கு முன்னாடி எந்தத் தண்ணில கழுவுறீங்க ஃபாரிஸ்?"

"ஏன் மாமி, கடைல வேலைக்கு சேரப் போறீங்களா?"

ஹசீனா சிரித்தாள். "அம்மா வந்தா ஒருத்தனும் நிக்க மாட்டான். துடைக்கிற துணி சரியா மடிக்கலன்னு சீட்ட கிழிச்சிடுவாங்க."

"போர் தண்ணிதான் மாமி. இந்த ஊர்ல வேற எது இருக்குது?" என்றான். பிறகு, "யாரு கேக்கச் சொன்னா?"

"நானாத்தான் கேக்குறேன்" என்று பொய் சொன்னேன். அதன்பின் அவன் சாப்பிடவில்லை. சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்துவிட்டுக் கை கழுவப் போனான்.

அந்தப் போர் தண்ணீரில் பருப்பு வேகாது. வாயில் வைத்தால் கரிக்கும். குடிக்கவும் சமைக்கவும் நாங்கள் லாரித் தண்ணீர்தான் வாங்குகிறோம். நீ எதற்குக் கேட்டாய் என்று அரைகுறையாகப் புரிகிறது.

மறுநாள் மேசை இழுப்பறையைத் திறந்தேன். கடிதத்தை நான் மூன்றாக மடிப்பேன். உன் கடிதம் நான்காக மடிந்து கிடந்தது.

இனி இந்த விலாசத்துக்கு எழுதாதே. என்னோடு கான்வென்டில் படித்த சகாயமேரி கோயில் தெருவில் இருக்கிறாள். அவள் பெயருக்கு எழுது. முழுவதையும் எழுது. பாதி உண்மையைத் தாங்குவதுதான் எனக்குக் கடினம்.

பெரியம்மா


சென்னை
24 ஜூலை 2025

அன்புள்ள பெரியம்மாவுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். சகாயமேரி டீச்சருக்கு என் வணக்கத்தைச் சொல்லுங்கள்.

கோவளத்திலிருந்து மரக்காணம் வரை கடலோரக் கார்கள் சிலவற்றை லிஃப்ட்டில் ஏற்றி அடியைப் பார்த்தோம். வருடம் தவறாமல் பூச்சு பூசியவை, ஒருமுறைகூடப் பூசாதவை, இரண்டும். பூசாத கார்களில் துரு இருந்தது, கண்ணுக்குத் தெரிந்தது. நல்ல தண்ணீரில் கழுவி, சுரண்டி, நன்றாகக் காயவைத்துப் பூசிய கார்கள் புதிது போல இருந்தன. ஆனால் சில கடைகளில் நல்ல தண்ணீருக்குச் செலவு செய்வதில்லை. உப்புத் தண்ணீரில் கழுவி, ஈரத்தின் மேலேயே கறுப்பை அடித்துவிடுகிறார்கள். உப்பு உள்ளே அடைபட்டு இரும்பை அரிக்கிறது, மேலே பளபளப்பு. அந்தக் கடைகளுக்கு வருடம் தவறாமல் போனவர்களின் கார்கள்தான் எல்லாவற்றிலும் மோசம்.

தகடு போனால் கூடப் பரவாயில்லை. பிரேக்குக்கு எண்ணெய் போகும் மெல்லிய பைப் அடியில்தான் ஓடுகிறது. அது அரித்துப்போனால், அழுத்தி மிதிக்கும் ஒரு நாளில் வெடிக்கும். பிரேக் பிடிக்காது.

அப்படிப்பட்ட கார்களில் இரண்டு மச்சான் கடையில் பூசியவை. வேலையாட்கள் செய்வது அவருக்குத் தெரியாமல் இருக்கலாம். அப்படித்தான் நம்ப விரும்புகிறேன்.

அந்தக் காரில் ஏறாதீர்கள். வேறு ஊரிலிருந்து ஒரு மெக்கானிக்கை வீட்டுக்கே வரவழைத்துக் காட்டுங்கள்.

உங்கள் உடல்நலத்துக்கு என் துஆ.
ஆஸிஃபா


மரக்காணம்
8 ஆகஸ்ட் 2025

அன்பு ஆஸிஃபாவுக்கு,

வ அலைக்கும் ஸலாம். இந்தக் கடிதத்தை சகாயமேரி வீட்டில் எழுதுகிறேன். சுகம் என்று எழுதுவது வழக்கம். எழுதிவிட்டேன்.

பட்டா விஷயம் என்று வீட்டில் சொல்லிவிட்டு வானூர் போனேன். காரில்தான். காரை வீட்டில் விட்டுப் போனால் கேள்வி வரும். தவிர, என் கண்ணால் பார்க்காமல் எதையும் நம்புவதில்லை என்பது உனக்குத் தெரியும்.

அங்கே இருசப்பன் என்பவரின் பட்டறையில் காரை ஏற்றினார்கள். நானும் கீழே போய் அண்ணாந்து பார்த்தேன். கறுப்பு பளபளவென்று இருந்தது. ஒரு கணம் உன்மேல் கோபம்கூட வந்தது. இருசப்பன் ஸ்க்ரூடிரைவரை வைத்து நெம்பினார். கறுப்பு தோல் போல உரிந்து தொங்கியது. உள்ளே செம்மண் நிறத்தில் பொடி உதிர்ந்து என் வெள்ளை முந்தானையில் விழுந்தது.

"யாரும்மா பூசுனது? பொணத்துக்குப் பவுடர் போட்ட மாதிரி போட்டுக்கிறான்" என்றார்.

பிரேக் பைப்பை அவர் தொடவில்லை. "தொட்டா இங்கியே பூடும். வண்டிய வுட்டுட்டு பஸ்ல போங்க. பைப்பு பாண்டியிலருந்து வரணும், ரெண்டு நாளு ஆவும்."

ஆரோக்கியராஜ் சிலுவை போட்டுக்கொண்டான். "மாதாவே! போன வாரம் இதுலதானே பாலத்து எறக்கத்துல எறங்குனோம்."

எல்லாவற்றையும் அவனைப் படம் எடுக்கச் சொன்னேன். உனக்கு அனுப்புவான். பிறகு காரை இறக்கச் சொன்னேன். கார் இல்லாமல் வீட்டுக்குப் போனால் ஃபாரிஸ் கேட்பான். மாற்றிய பைப்போடு போனாலும் கண்டுபிடித்துவிடுவான். "உங்களுக்கு உசுரு பெருசா, மருமவன் பெருசா?" என்று இருசப்பன் சத்தம் போட்டார்.

திரும்பி வந்த வழியை எழுத வேண்டாம் என்றிருந்தேன். ஆரோக்கியராஜ் இரண்டாம் கியரை விட்டு மாறவேயில்லை. மாடு குறுக்கே வந்தபோது காலை பிரேக்கில் வைக்கப் பயந்து ஹாரனை அழுத்திக்கொண்டே இருந்தான். பின்னால் வந்த பஸ்காரன், "ஏம்பா, மாப்பிள்ள ஊர்வலமா போற?" என்று கத்திவிட்டுப் போனான். நான் ஆயத்துல் குர்ஸி ஓதிக்கொண்டு வந்தேன். பாதியில் மறந்தது. சிறு வயதிலிருந்து ஓதுவது, ஒருநாளும் மறந்ததில்லை.

நீ சொல்வது போல் ஃபாரிஸுக்குத் தெரியாமல் இருக்கலாம். ஆனால் ஹசீனாவை என் காரில் ஏற்ற வேண்டாம் என்று அவன் சொன்னானே. அதைப் பெருமையாக உனக்கு எழுதினேனே. இதற்கு மேல் எழுத எனக்குக் கை வரவில்லை. தெரிந்து செய்தானா, தெரியாமல் நடந்ததா என்று அறிந்துகொள்ளாமல் என் வீட்டுப் பிள்ளையைப் பத்திரிகையில் ஏற்றமாட்டேன். அறிய ஒரு வழி இருக்கிறது.

எனக்காக துஆ செய்.
பெரியம்மா


சென்னை
13 ஆகஸ்ட் 2025

பெரியம்மாவுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். எந்த வழியும் வேண்டாம். படங்களைப் பார்த்ததிலிருந்து எனக்குச் சோறு இறங்கவில்லை.

உள்ளதைச் சொல்லிவிடுகிறேன். கடையின் பெயரைப் போட வேண்டுமானால், காரின் சொந்தக்காரர் யாராவது தன் பெயரோடு வெளிப்படையாகச் சொல்ல வேண்டும் என்கிறார் ஆசிரியர். சொல்கிறேன் என்றவர்கள் இருவரும் பின்வாங்கிவிட்டார்கள். ஒருவர் வீட்டுக்கு ஆட்கள் வந்து "பேசிவிட்டு" போனார்களாம். என்ன பேசினார்கள் என்று அவர் சொல்லவில்லை. எந்தக் கடையின் ஆட்கள் என்றும் சொல்லவில்லை. பெயரில்லாமல் எழுதினால் எந்தக் கடை என்று ஊருக்குத் தெரியாது. பூச்சு நடந்துகொண்டே இருக்கும்.

நான் உங்களைக் கேட்கவில்லை. கேட்கமாட்டேன். பஸ் ஏறி இங்கே வந்துவிடுங்கள். அம்மாவும் அதையே சொல்கிறார்.

உங்கள் பதிலுக்காக,
ஆஸிஃபா


சென்னை
5 செப்டம்பர் 2025

பெரியம்மா,

அஸ்ஸலாமு அலைக்கும். நலமா? பதில் இல்லை. ஆரோக்கியராஜ் போன் எடுப்பதில்லை. சகாயமேரி டீச்சர், நீங்கள் இந்தப் பக்கம் வந்து நாளாகிறது என்கிறார்.

ஒரு வரி போதும்.
ஆஸிஃபா


மரக்காணம்
12 செப்டம்பர் 2025

ஆஸிஃபா அவர்களுக்கு,

நாங்கள் எல்லோரும் நலம். நீ கேட்டிருந்த விவரங்களில் நான் தவறாக எழுதிவிட்டேன். என் காரில் எந்தக் குறையும் இல்லை. மாப்பிள்ளை ஃபாரிஸ் கடையில் வேலை சுத்தமாக நடக்கிறது. வயதானவள், எனக்குக் கண் சரியாகத் தெரிவதில்லை. என் பெயரையோ காரையோ எங்கும் குறிப்பிட வேண்டாம். படங்களை அழித்துவிடவும்.

இனி எதுவானாலும் போனில் பேசு. ஸ்பீக்கரில் போட்டுக்கொள்கிறேன்.

சைபுன்னிசா பெரியம்மா


சென்னை
18 செப்டம்பர் 2025

அன்புள்ள பெரியம்மாவுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். கடிதம் கிடைத்தது. உங்கள் விருப்பப்படியே.

போன் செய்தேன். ஹசீனா அக்கா எடுத்து, நீங்கள் தொழுதுகொண்டிருப்பதாகச் சொன்னாள். பிறகு செய்தபோதும் தொழுகை. அக்காவின் குரல் சரியில்லை. மாதம் ஏறுகிறது, அதனால் இருக்கும்.

கண் தெரியவில்லை என்று எழுதியிருக்கிறீர்கள். இங்கே நல்ல டாக்டர் இருக்கிறார், நானே வந்து அழைத்துப்போகிறேன். கடலோரக் கார் கட்டுரை நவம்பர் இதழில் வருகிறது. அக்டோபர் இருபதுக்குள் முடித்துக் கொடுக்க வேண்டும் என்பதால், அதன் பிறகு எனக்கு ஓய்வுதான். சும்மா தெரிவிக்கிறேன்.

உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள்.
ஆஸிஃபா


மரக்காணம், கோயில் தெரு
14 அக்டோபர் 2025

அன்பு மகள் ஆஸிஃபாவுக்கு,

வ அலைக்கும் ஸலாம். சகாயமேரிக்குக் காய்ச்சல் என்று சொல்லி வந்திருக்கிறேன். காய்ச்சல்காரி பக்கத்தில் உட்கார்ந்து முறுக்கு தின்கிறாள். எனக்குக் கிடைத்திருக்கும் நேரம் குறைவு.

என் கண்ணுக்கு ஒன்றுமில்லை. அந்தக் கடிதத்தை எழுதியது என் கை. சொல்லச் சொல்ல எழுதினேன்.

ஆகஸ்ட் கடைசியில் ஒரு காலை, ஹசீனாவை டாக்டரிடம் கூட்டிப்போகும் நாள். ஃபாரிஸ் உள்ளே சவரம் செய்துகொண்டிருந்தான். ஆரோக்கியராஜை டீ குடிக்க அனுப்பிவிட்டேன். சாவி என் கையில் இருந்தது. ஹசீனாவை என் காருக்குள் உட்காரச் சொன்னேன்.

"அவரு திட்டுவாரும்மா."

"நிக்கிற வண்டி எங்கயும் போவாது. உக்காரு."

அவள் உட்கார்ந்ததும் உள்ளே பார்த்துச் சத்தமாகச் சொன்னேன்: "ஃபாரிஸ், இன்னிக்கு ஹசீனாவ என் வண்டில நானே பாண்டிக்கு கூட்டிட்டுப் போறேன்."

அவன் ஓடி வந்தான், ஆஸிஃபா. பாதி முகத்தில் நுரையோடு, செருப்பில்லாமல். கதவைத் திறந்து அவள் கையைப் பிடித்து இழுத்தான். "எறங்குடி! எத்தன வாட்டி சொன்னேன் இதுல ஏறாதன்னு!" அதன் பிறகுதான் டிரைவர் இல்லாததையும் என் கையிலிருந்த சாவியையும் பார்த்தான்.

"அப்ப உங்களுக்குத் தெரியும்" என்றேன்.

நுரையைத் துடைக்கக்கூட இல்லை. "மாமி, மழ முடிஞ்சதும் மாத்திடலாம்னுதான் இருந்தேன். ஒண்ணும் ஆவாது மாமி. நீங்கதான் முப்பதுக்கு மேல போறதே இல்லையே."

ஹசீனா எங்கள் இருவர் முகத்தையும் மாறி மாறிப் பார்த்தாள். "என்னம்மா மாத்தணும்?" என்றாள்.

அன்றே ஆரோக்கியராஜின் போனைப் பிடுங்கிப் படங்களைப் பார்த்துவிட்டு, அவனை வேலையிலிருந்து நிறுத்திவிட்டான். என் காரைக் கடைக்கு எடுத்துப்போய்ப் புதுப் பைப் போட்டுக் கொண்டுவந்தான். என் காருக்கு மட்டும். அதற்குப் பதிலாகத்தான் அந்தக் கடிதம். குரலை உயர்த்தவில்லை. "கடை போச்சுன்னா பொறக்கப் போற புள்ள எங்க நிக்கும்?" என்றான். அவனுக்கு நான் பயப்படவில்லை. ஹசீனா வயிற்றில் கை வைத்துக்கொண்டு, "எழுதிடும்மா, எனக்காக" என்றாள். எழுதிவிட்டேன். என் உயிருக்கு ஆபத்து நீங்கிவிட்டது, மகளும் பக்கத்தில் இருக்கிறாள், இனி எனக்கென்ன என்று இருக்கப் பார்த்தேன். ஒரு மாதம் இருந்தேன்.

இப்போது என் காரை ஓட்டுகிறவன் தங்கராசு, ஃபாரிஸ் கடையில் பூச்சு அடிக்கிறவன். நான் எங்கே போனாலும் வாசலில் நிற்பான். இன்று வரும் வழியில் ஈ.சி.ஆர். திருப்பத்தில் ஆடுகள் குறுக்கே வந்தன. தங்கராசு நிறுத்தினான். கார் சொன்னபடி நின்றது. பின்னால் அனுமந்தை மீன் வண்டி வந்துகொண்டிருந்தது. மேலே கூடைகளோடு பெண்கள். நமக்கு மீன் கொண்டுவரும் கொளஞ்சியம்மாளும் இருந்தாள். தங்கராசு கண்ணாடியில் அதைப் பார்த்தான். பார்த்ததும் சட்டென்று எங்கள் காரை மண்ணில் இறக்கி ஓரம் கட்டினான்.

"ஏன்டா ஒதுங்குற?"

"அது நம்ம கடைல பூசுன வண்டிம்மா" என்றான். சொன்னபிறகு உதட்டைக் கடித்துக்கொண்டான்.

மீன் வண்டி எங்களைத் தாண்டிப்போய், ஆடுகளுக்கு மிக அருகில், ஒரு பக்கமாக இழுத்துக்கொண்டு நின்றது. கூடைகள் சரிந்தன. கொளஞ்சியம்மாள் ஒரு கையால் கூடையைப் பிடித்துக்கொண்டு, இன்னொரு கையை எனக்கு ஆட்டிச் சிரித்தாள். மழைக்கு முன் பூசிய வண்டி, ஒன்றும் ஆகாது என்று நம்பிச் சிரிக்கிறாள்.

அடிக்கிறவனுக்குத் தெரிகிறது. அடிக்கச் சொன்னவனுக்குத் தெரிகிறது. இப்போது எனக்கும் தெரியும்.

கடையின் பெயரைப் போடு. என் பெயரையும் போடு. படங்கள் என் காரின் படங்கள்தான், நான் நின்று எடுக்கச் சொன்னவை. முந்தைய கடிதத்தில் நான் மறுத்ததையும், ஏன் மறுத்தேன் என்பதையும் சேர்த்தே போடு. இதழ் வருவதற்கு முன்பே அனுமந்தைக்கு ஆள் அனுப்பி அந்த வண்டிக்காரனிடம் சொல்லிவிடு. என்னால் அங்கே போகமுடியாது.

ஹசீனாவுக்கு ஏழாம் மாதம் நடக்கிறது. இதழ் வந்தபின் அவள் என்னோடு பேசுவாளா, பிறக்கும் பிள்ளையை என் கையில் கொடுப்பாளா, தெரியவில்லை. பயமாக இருக்கிறது, ஆஸிஃபா. இந்த வயதில் இப்படிப் பயப்படுவேன் என்று நினைத்ததில்லை. என் எழுத்து சாய்ந்திருப்பதை நீ பார்க்கலாம்.

வெளியே தங்கராசு ஹாரன் அடிக்கிறான். எனக்கே கேட்கிறது. இதை சகாயமேரி தபாலில் சேர்ப்பாள்.

உன் அம்மாவுக்கு என் சலாம். கதவைத் தாழிட்டுப் படுங்கள்.

இப்படிக்கு,
சைபுன்னிசா
காலஞ்சென்ற நிஜாமுதீன் மனைவி
காரின் சொந்தக்காரி
மரக்காணம்